கலாவின் மெஷினில் இருந்த நிலம்

கலா எங்கள் இருவரையும் ஒரே நேரத்தில் உள்ளே விடமாட்டாள். முதலில் தன் மெஷினில் ஆட்டத்தைத் திறப்பாள். பச்சைத் தரை விரியும், வானம் வரும், மூலையில் ஒரு நீண்ட எண் தெரியும். அந்த எண்ணை ஹேமாவதி தன் மெஷினில் அடிப்பாள். ஹேமாவின் பொம்மை உருவம் தரையில் வந்து நின்ற பிறகுதான் என் முறை. இரண்டு பேரும் சேர்ந்தாற்போல நுழைந்தால் கலாவின் மெஷின் அப்படியே நின்றுவிடும். எல்லாவற்றையும் மூடித் திறக்கக் கால் மணி நேரம் ஆகும்.

"ரேஷன் கடையா இது, முண்டிக்கினு வர்ற? இருடி சாமு," என்பாள். சாமுண்டீஸ்வரி என்ற என் பெயரை முழுதாகச் சொன்னவர்கள் பள்ளியில் வருகைப் பதிவு எடுத்த டீச்சர்கள் மட்டும்தான்.

அது 2004, பிளஸ் டூ பரீட்சை முடிந்த கோடை. ஹேமாவின் அப்பா ஏழுமலை, உத்திரமேரூர் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்தெருவில் டைப்ரைட்டிங் இன்ஸ்டிட்யூட் வைத்திருந்தார். டைப் கற்க ஆள் குறைந்ததும் பாதி மெஷின்களை விற்றுவிட்டு மூன்று கம்ப்யூட்டர் வாங்கிப் போட்டார். அவர் வாங்கிய ஒரு கம்ப்யூட்டர் பத்திரிகையோடு இலவசமாக வந்த சிடியில்தான் அந்த ஆட்டம் இருந்தது. அதன் பெயர் எங்கள் வாயில் நுழையவில்லை. 'நிலம்' என்றே சொன்னோம். அதில் எதிரி கிடையாது, மார்க் கிடையாது, ஜெயிப்பதும் தோற்பதும் கிடையாது. கண்ணுக்கெட்டிய வரை வெறும் தரை. தோண்டலாம், மேடு கட்டலாம், தண்ணீர் விடலாம், சுவர் எழுப்பலாம். தனியாக ஆடினால் அரை மணியில் சலித்துவிடும். மூன்று பேர் ஒரே தரையில் இறங்கினால் பொழுது போவதே தெரியாது.

மூன்று பேரை ஒரே தரையில் இறக்குவதுதான் பெரிய பாடு. மெஷின்களைப் பழுதுபார்க்கக் காஞ்சிபுரத்திலிருந்து வந்த ஆள் பார்த்துவிட்டு, "இதெல்லாம் இங்க நடக்காதுமா," என்று போய்விட்டார். கலா அந்த சிடியில் இருந்த ஆங்கிலக் குறிப்பை அகராதி வைத்துக்கொண்டு நாலு நாள் படித்தாள். மெஷின்களை இணைக்கும் ஒயருக்குள் எட்டுக் கம்பி. எந்த நிறத்துக்குப் பக்கத்தில் எந்த நிறம் என்று ஒரு வரிசை உண்டு. முனையை அழுத்திப் பொருத்தும் குறடு எங்களிடம் இல்லை. ஸ்க்ரூ டிரைவரால் ஒவ்வொரு கம்பியாக அழுத்தினாள். பதினோரு முனை வீணாகிப் பன்னிரண்டாவது பிடித்தது. ஒவ்வொரு மெஷினுக்கும் ஒரு எண் கொடுத்து, காலண்டர் தாளின் பின்பக்கம் எழுதி மானிட்டர்மேல் ஒட்டினாள். மத்தியானம் எந்த நேரமும் கரண்ட் போகும் என்பதால், இன்ஸ்டிட்யூட்டில் இருந்த ஒரே யூபிஎஸ்ஸைத் தன் மெஷினுக்கு மாற்றிக்கொண்டாள்.

"அது இன்னா, உனக்கு மட்டும்?" என்று ஹேமா கேட்டாள்.

"நிலம் என் மெஷின்லதான் கீது. உன்னுது அணைஞ்சா நீ மட்டும் காணாம போவ. என்னுது அணைஞ்சா ஊரே போயிடும்."

ஹேமா அந்த நிலத்தில் பால்கனி வைத்த மாடிவீடு கட்டினாள். நான் ரோடு போட்டேன். எங்கே போகிறது என்றில்லாமல் தரையின் விளிம்பு வரை ஒரு ரோடு. கலா முதல் வேலையாக ஏரி தோண்டினாள். கரை, மடை, உபரித் தண்ணீர் போகக் கலங்கல், எல்லாம் வைத்தாள். ஹேமாவின் வீட்டை இரண்டு முறை இடித்து மேட்டில் கட்டச் சொன்னாள். "மொதல்ல தண்ணி எங்க போவுதுன்னு பாரு. அப்புறம் வூடு," என்றாள். அவளுக்கு அது தெரியும். அவள் வீடு இருந்த இருளர் குடியிருப்பு ஏரியின் கலங்கலுக்குக் கீழே இருந்தது. நல்ல மழை வருஷம் என்றால் பதினான்கு வீட்டுக்காரர்களும் பாத்திரம் பண்டத்தோடு பள்ளிக்கூட வராந்தாவில் வந்து படுப்பார்கள்.

அந்தப் பதினான்கு வீட்டில் பிளஸ் டூ வரை வந்தவள் கலா ஒருத்திதான். அவள் அப்பா பெரியசாமி அறுப்புக்குப் போவார், வரப்பு வெட்டுவார், தை பிறந்தால் குடும்பத்தோடு செங்கல் சூளைக்குப் போய்விடுவார். கலாவை மட்டும் ஊரில் விட்டுப் போவார். பள்ளியில் நாங்கள் மூவரும் கம்ப்யூட்டர் சயின்ஸ் பிரிவு. அறுபது பெண்களுக்கு ஐந்து மெஷின் என்பதால் ஏழுமலை சார் கலாவைத் தன் இன்ஸ்டிட்யூட்டில் வந்து பழகச் சொன்னார். ஒரு பைசா வாங்கவில்லை. அவர் நல்ல மனிதர். அதை இப்போதும் சொல்வேன். மூன்று மணிக்கு அவர் வீட்டிலிருந்து டீ வரும். மூன்று பேருக்கும் ஒரே மாதிரி எவர்சில்வர் டம்ளர்.

"நம்ம வூட்டுல எல்லாருக்கும் ஒரே டம்ளர்தான். பேதமே கெடையாது," என்பார், யாராவது வந்திருந்தால். வந்தவர்கள் கலாவைத் திரும்பிப் பார்ப்பார்கள். கலா திரையைப் பார்த்துக்கொண்டே குடிப்பாள்.

ஜூனில் ரிசல்ட் வந்தபோது கலாவுக்கு ஆயிரத்து ஐம்பத்தெட்டு. ஹேமாவுக்கும் எனக்கும் அவளைவிட நூறு மார்க்காவது குறைவு. என்ஜினியரிங் கவுன்சிலிங் ஜூலையில். பழங்குடிச் சான்றிதழ் இருந்தால் அவளுக்கு நல்ல காலேஜில் சீட் உறுதி, ஃபீஸும் கிடையாது. சான்றிதழ் இல்லை என்றால் இரண்டும் இல்லை. எங்களுக்குக் கிடைத்த மாதிரி அது தாலுகா ஆபீஸில் கிடைத்துவிடாது. பழங்குடி என்றால் மேலே இருந்து ஓர் அதிகாரி நேரில் வந்து, கேட்பவர் உண்மையிலேயே அந்த இனம்தானா என்று விசாரிக்க வேண்டும். கலா மனு கொடுத்தது பிப்ரவரியில். நாலு மாதமாக யாரும் வரவில்லை. குடும்பத்தில் வேறு யாரிடமாவது சான்றிதழ் இருந்தால் காட்டலாம். அவர்கள் வீட்டில் யாரும் படித்ததில்லை, யாருக்கும் அது தேவைப்பட்டதில்லை.

ரிசல்ட் வந்த மறுவாரம் ஒரு மத்தியானம் அதிகாரி ஜீப்பில் வந்தார். முதலில் குடியிருப்புக்குத்தான் போயிருக்கிறார். கலா எங்கே என்று கேட்டபோது, கம்ப்யூட்டர் கடையில் இருக்கிறாள் என்று யாரோ பெருமையாகச் சொல்லியிருக்கிறார்கள்.

அவர் உள்ளே வந்தபோது நாங்கள் மூவரும் நிலத்துக்குள் இருந்தோம். ஏரி நிரம்பிக்கொண்டிருந்தது. "சாமு, மடையைத் தூக்கு. ஹேமா, நீ கலங்கலாண்ட போ, சீக்கிரம்," என்று கலா அதட்டிக்கொண்டிருந்தாள். அதிகாரி கொஞ்ச நேரம் பின்னால் நின்று பார்த்தார். ஏழுமலை சார் எழுந்து தன் நாற்காலியைக் கொடுத்தார்.

"கலாங்கறது யாரு?"

கலா எழுந்து நின்றாள்.

"எலி பிடிப்பியா?"

"தெரியாது சார்."

"பாம்பு?"

"நைனாவுக்குத் தெரியும் சார். எனக்கு பயம்."

"மாசி பௌர்ணமிக்கு உங்க ஆளுங்க எங்க போவாங்க?"

"மகாபலிபுரம் சார். கடற்கரையில கன்னியம்மாவுக்குப் படையல் போடுவாங்க."

"நீ போனியா?"

"ரெண்டு வருஷமா போகல சார். ரிவிஷன் டெஸ்ட் இருந்துது."

அவர் எழுதிக்கொண்டார். பிறகு என்னிடம் திரும்பினார். "இது என்ன விளையாட்டு?"

நான் சொன்னேன். கலா எப்படி ஒயர் இழுத்தாள், எப்படி மூன்று மெஷினையும் சேர்த்தாள், அவள் திறந்தால்தான் நாங்கள் உள்ளே போக முடியும் என்று எல்லாவற்றையும் சொன்னேன். எனக்கு உற்சாகமாக இருந்தது. தோழியின் கெட்டிக்காரத்தனத்தைச் சொல்ல ஓர் அதிகாரி கிடைத்திருக்கிறார்.

"அப்ப, அவ சொல்றபடிதான் நீங்க ரெண்டு பேரும் கேப்பீங்க?"

"ஆமா சார். அவதான் லீடர்."

"உங்க வீட்டுல என்ன தொழில்?"

"பட்டு நெசவு சார்."

அதையும் எழுதிக்கொண்டார். ஏழுமலை சாருக்குத் தன் முறை வந்துவிட்டது போலிருந்தது. "சார், நான் ஒண்ணு சொல்றேன். இது என் பொண்ணு மாதிரி. என் வூட்டு டம்ளர்லதான் டீ குடிக்குது. நடை, பேச்சு, சுத்தம், எதைப் பார்த்தாவது இருளப் பொண்ணுன்னு சொல்லுவாங்களா? அந்த ஜனங்களோட பழக்கம் ஒண்ணுகூட இதுக்குக் கெடையாது சார்."

"அப்படியா. அதையே எழுதிக் கொடுக்கறீங்களா?"

"தாராளமா."

அதிகாரி சொல்லச் சொல்ல ஏழுமலை சாரே டைப் அடித்தார். அடித்ததை ஒரு முறை உரக்கப் படித்தார். மேற்படி கலா என் குடும்பத்தாருடன் சமமாகப் பழகி வருபவர். இருளர் இனத்துக்குரிய பழக்கவழக்கங்கள் எதுவும் அவரிடம் நான் கண்டதில்லை. படித்தபோது அவர் முகம் மலர்ந்திருந்தது. எங்கள் மூவருக்கும்கூட அது பாராட்டுப் பத்திரம் போலத்தான் காதில் விழுந்தது. இல்லை, மூவருக்கும் இல்லை. கலா, "சார், எங்க வூட்டாண்ட வந்து நைனாவைக் கேளுங்க," என்றாள்.

"பார்த்துட்டுத்தான்மா வரேன்," என்றார் அவர். ஜீப் போய்விட்டது.

கவுன்சிலிங்குக்கு எட்டு நாள் இருக்கும்போது கடிதம் வந்தது. மனுதாரரின் பழக்கவழக்கங்கள் அவர் கோரும் இனத்தோடு பொருந்தவில்லை. அக்கம்பக்கத்து நம்பகமான நபரின் வாக்குமூலமும் இதை உறுதிசெய்கிறது. மனு நிராகரிக்கப்படுகிறது.

மறுநாள் காலை பெரியசாமி இன்ஸ்டிட்யூட் வாசலுக்கு வந்தார். பின்னால் கலா நின்றாள். நானும் ஹேமாவும் உள்ளே இருந்தோம்.

"உள்ள வா பெரியசாமி. இன்னாத்துக்கு வெளியவே நிக்கற?"

"இருக்கட்டும் ஐயா. நீங்க நல்லதுதான் சொன்னீங்கோ. பாப்பா சொல்லுச்சு. ஆனா அது வேற மாரி ஆயிட்ச்சு. இது இருளப் பொண்ணுதான்னு ஒரு வார்த்தை டைப் அடிச்சிக் குடுத்தீங்கன்னா, ஓடிப்போயி குடுத்துட்டு வந்துடுவேன்."

ஏழுமலை சார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "அது எப்படிப்பா? அன்னைக்கு ஒண்ணு எழுதிட்டு இன்னைக்கு ஒண்ணு எழுதினா என்னைத் தூக்கி உள்ள வெச்சிடுவான். அதுவும் இல்லாம, நான் சொன்னதுல இன்னா பொய் கீது? எலி புடிக்கிற பொண்ணுன்னு என் கையால எழுதச் சொல்றியா? இவ்ளோ படிச்ச பொண்ணை?"

"எலி புடிக்கிதுன்னு எழுதினாதான் ஐயா மேல படிக்க முடியும்."

"எனக்கு மனசு வரலப்பா."

பெரியசாமி தலையைச் சொறிந்துகொண்டு நின்றார். ஹேமாவின் அம்மா டீ கொண்டுவந்தாள். வழக்கம்போல எவர்சில்வர் டம்ளர். கலா எடுக்கவில்லை.

"வா நைனா, போலாம்," என்றாள்.

பிறகு அவள் வரவில்லை. நானும் ஹேமாவும் ஒரு வாரம் நிலத்தைத் திறந்து பார்த்தோம். காலண்டர் தாளில் எண்கள் இருந்தன. ஒரு நாள் உள்ளே போனால் மறுநாள் முடியாது. எந்தத் தப்பு செய்தோம் என்று தெரியாது. ஆகஸ்டில் எனக்குக் கோயம்புத்தூரில் ஒரு காலேஜில் மூன்று வருஷ பி.எஸ்சி. கிடைத்தது. போகிறேன் என்று அவளிடம் சொல்லக்கூடப் போகவில்லை. போயிருந்தால் என்ன சொல்லியிருப்பேன் என்று யோசித்துப் பார்த்திருக்கிறேன். காலேஜுக்குப் பிறகு ஓர் ஆய்வுக் குழுவில் சேர்ந்து ஒடிசா, ஜார்க்கண்ட், அசாம் என்று ஒன்றரை வருஷம் சுற்றினேன். மலையடிவாரக் கிராமங்களில் ஜனங்களை உட்காரவைத்து நான்கு பக்கக் கேள்வித்தாளை நிரப்புவது வேலை. நீங்கள் என்ன சாப்பிடுவீர்கள், எந்தச் சாமியைக் கும்பிடுவீர்கள். ஒரு நாள் பாதித் தாளில் எழுந்து வந்துவிட்டேன்.

2008 கடைசியில் ஊருக்கு வந்தேன். இன்ஸ்டிட்யூட் ஜெராக்ஸ் கடையாகிவிட்டது. ஹேமா வாலாஜாபாத்தில் கட்டிக்கொடுத்தவள், பிரசவத்துக்கு அம்மா வீட்டுக்கு வந்திருந்தாள். வயிற்றைத் தூக்கிக்கொண்டு நடக்க முடியாமல் பகலெல்லாம் உட்கார்ந்திருந்தாள்.

"கலாவோட மெஷின் பரண்மேல கீதுடி. நிலம் அதுல இன்னும் இருக்கும் இல்ல? ஒரு நாள் மூணு பேரும் உக்காரலாம்," என்றாள்.

பரணிலிருந்து இறக்கினோம். ஆன் ஆயிற்று. நிலமும் இருந்தது. என் லேப்டாப்பை அதோடு இணைக்க இரண்டு நாள் பார்த்தேன், முடியவில்லை. கலாவைக் கூப்பிடலாம் என்று இருவருக்கும் ஒரே நேரத்தில் தோன்றியது. இப்போது நினைத்தால் கூச்சமாக இருக்கிறது. நாலரை வருஷம் கழித்து அவளைத் தேடிப் போக எங்களுக்குக் கிடைத்த காரணம், ஒயர் மாட்டித் தர வேண்டும் என்பது.

நான்தான் போனேன். கலா ஸ்ரீபெரும்புதூர் பக்கம் ஒரு ஃபேக்டரியில் கான்ட்ராக்ட் வேலையில் இருந்தாள். விடிவதற்கு முன் கம்பெனி பஸ் ஏறினால் ராத்திரிதான் வருவாள் என்று கேள்விப்பட்டிருந்தேன். அன்று வீட்டில் இருந்தாள். என்னைப் பார்த்ததும் அதிர்ச்சியோ சந்தோஷமோ காட்டவில்லை. ஒரு டிவிப் பெட்டியை இரண்டு கையாலும் தூக்கிக்கொண்டு வாசலில் நின்றிருந்தாள்.

"ஒரு பக்கம் புடி," என்றாள்.

இருவருமாகத் தூக்கிப்போய் ரோட்டுக்கு அந்தப் பக்கம் தெரிந்தவர் வீட்டில் வைத்தோம். அங்கே ஏற்கெனவே ஒரு சைக்கிள், ஒரு கம்ப்யூட்டர், பை நிறைய புத்தகம், பள்ளியில் கொடுத்த இரண்டு கோப்பை எல்லாம் இருந்தன.

"இன்னாடி, வூடு மாத்தறீங்களா?"

"நாளைக்கு விசாரணை. ஸ்வேதாவுக்கு."

ஸ்வேதா அவள் தங்கை. பத்தாவது படிக்கிறாள். நான் போனபோது ஆறாவது. திரும்பி வந்தபோது அந்தப் பெண் அழுக்குப் பாவாடையும் கலாவின் பழைய சட்டையும் போட்டுக்கொண்டு வாசலில் உட்கார்ந்திருந்தாள். பெரியசாமி மூங்கிலால் செய்த எலிக்கிட்டி ஒன்றை வைத்துக்கொண்டு அதன் கயிற்றை முறுக்கிக்கொண்டிருந்தார்.

"மாகறல்ல சித்தப்பன் வூட்டுலேந்து வாங்கியாந்தது," என்றார் என்னிடம். "நான் கிட்டி தொட்டே பத்து வருசம் ஆவுது. நம்பளுக்கு எங்க நேரம், சூளைக்குப் போயிடறோம். இப்ப இதுக்கு டைம் ஒதுக்க வேண்டியதா போச்சு."

கலா தங்கையின் முன் உட்கார்ந்தாள். "படிப்பியா?"

"எழுத்துக் கூட்டிப் படிப்பேன் சார்."

"கணக்கு?"

"வராது சார்."

"பட்டுனு சொல்லாத. யோசி. அக்காவைப் பாரு. அப்புறம் சொல்லு."

ஸ்வேதா யோசித்தாள், அக்காவைப் பார்த்தாள், சிரித்துவிட்டாள். கலா சிரிக்கவில்லை. மறுபடி முதலிலிருந்து கேட்டாள். கேள்விகளின் வரிசை அவளுக்கு மனப்பாடமாக இருந்தது. எலி, பாம்பு, பௌர்ணமி, கடற்கரை. அந்த வருஷம் மாசிக்கு ஃபேக்டரியில் லீவு போட்டுவிட்டு தங்கையைக் கூட்டிக்கொண்டு மகாபலிபுரம் போய் வந்ததாகச் சொன்னாள். போட்டோ எடுத்து வைத்திருந்தாள்.

"நான் வேணா நாளைக்கு வரட்டுமா? ஆபீசர்கிட்ட நான் சொல்றேன். எனக்கு இப்ப இதெல்லாம் பழக்கம், எப்படிப் பேசணும்னு தெரியும்," என்றேன்.

"ஒருக்கா சொன்னியே."

கோபமாகச் சொல்லவில்லை. நான் என்னவோ சொல்ல வந்தேன். அன்று எனக்குப் பதினேழு வயது, நான் பெருமையாகத்தான் சொன்னேன், இந்த மாதிரி. அவள் முடிக்க விடவில்லை.

"நீ பொய் சொல்லல சாமு. ஏழுமலை சாரும் பொய் சொல்லல. அதான் பேஜாரு. பொய் சொல்லியிருந்தா மறுத்துப் பேசியிருக்கலாம்." தங்கையின் தலையைக் கலைத்துவிட்டாள். "நாளைக்கு இந்தப் பக்கம் வராத. ஹேமாவையும் வரச் சொல்லாத. பஸ் ஸ்டாண்டுல பார்த்தாலும் பேச வேணாம். கையில பேப்பர் வர்ற வரைக்கும் எனக்கு உங்களைத் தெரியாது."

"வந்தப்புறம்?"

"வரட்டும்."

நிலத்தைப் பற்றி நான் வாயைத் திறக்கவில்லை. என் லேப்டாப் பை தோளில் தொங்கிக்கொண்டிருந்தது. அவள் அதை ஒரு முறை பார்த்தாள். எதற்காக வந்திருக்கிறேன் என்று அவளுக்குப் புரிந்துவிட்டது என்று நினைக்கிறேன்.

மார்ச்சில் ஹேமாவின் குழந்தையைப் பார்க்கப் போய், அவளோடு ஜெராக்ஸ் கடையில் நான் உட்கார்ந்திருந்தபோது கலா வந்தாள். பத்தாவது பரீட்சை நடந்துகொண்டிருந்தது. ஸ்வேதாவின் சான்றிதழும் அதோடு வந்த விசாரணைக் குறிப்பும் அவள் கையில் இருந்தன. ஏழுமலை சார் அவற்றை வாங்கி, மெஷினில் வைப்பதற்கு முன் வழக்கப்படி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு படித்தார்.

"இன்னாமா இது? 'எழுதப் படிக்கத் தடுமாறுபவர், எலி பிடிக்கும் தொழிலில் தந்தைக்கு உதவுபவர்'னு போட்டிருக்கான். இந்தப் பொண்ணு அரைப் பரீட்சையில ஸ்கூல் ஃபர்ஸ்ட் ஆச்சே. அன்னைக்கு ஹெட்மிஸ்ட்ரஸ் என்கிட்ட சொன்னாங்க." அவருக்கு உண்மையிலேயே வருத்தமாக இருந்தது. "தப்பா எழுதிட்டான். ஒரு லெட்டர் டைப் அடிச்சித் தரேன், திருத்தச் சொல்லலாம்."

கலா கடைக்குள் இருந்த எங்களைத் திரும்பிப் பார்க்கவில்லை. கையை நீட்டி அந்தக் காகிதத்தை அவர் விரலிலிருந்து மெதுவாக உருவி, ஜெராக்ஸ் மெஷினின் கண்ணாடிமேல் தானே கவிழ்த்து வைத்தாள்.

"திருத்த வேணாம் சார். நாலு காப்பி."